கைப்பிடி இரண்டு, மலை ஒன்று: மெர்சரிசம் என்னும் கற்பனை மதம்

மெர்சரிசத்தில் கோயில் கிடையாது. பூசகர், தேர்த்திருவிழா, உண்டியல் எதுவும் கிடையாது. வீட்டுக்கு வீடு ஒரு பெட்டி இருக்கிறது, பெட்டியில் இரண்டு கைப்பிடிகள் இருக்கின்றன. அவற்றைப் பற்றிக்கொண்டு திரையைப் பார்ப்பவர், சில கணங்களில் தாம் தம் வீட்டுக் கூடத்தில் நிற்பதை மறந்து, வறண்டதொரு மலைச்சரிவில் மூச்சு வாங்க ஏறிக்கொண்டிருக்கும் ஒரு கிழவராகவே ஆகிவிடுகிறார். அதே கணத்தில் கைப்பிடியைப் பற்றியிருக்கும் அத்தனை பேரும், அவர்கள் பூமியில் இருந்தாலும் வேறு கோள்களில் குடியேறியிருந்தாலும், அதே கிழவராக ஆகியிருக்கிறார்கள். கிழவரின் பெயர் வில்பர் மெர்சர். வழிபாடு என்பது இவ்வளவுதான்.

இம்மதத்தைக் கற்பனையில் உருவாக்கியவர் பிலிப் கே. டிக் (1928–1982) என்ற அமெரிக்க எழுத்தாளர். 1964 இல் ஒரு சிறுகதையில் மெர்சரையும் பெட்டியையும் முதலில் கொண்டுவந்தார். பிறகு 1968 இல் வெளியான ‘டூ ஆண்ட்ராய்ட்ஸ் ட்ரீம் ஆஃப் எலக்ட்ரிக் ஷீப்?’ என்ற நாவலில் முழு வடிவம் கொடுத்தார். அந்நாவலைத் தழுவி 1982 இல் வந்த ‘பிளேட் ரன்னர்’ திரைப்படம் துப்பாக்கியையும் மழையையும் வைத்துக்கொண்டு மதத்தை விட்டுவிட்டது. ஆகவே படத்தைப் பலமுறை பார்த்தவர்களிடம்கூட மெர்சரைப் பற்றிக் கேட்டால் விழிப்பார்கள். நாவலின் உயிர் அந்த மதத்தில்தான் இருக்கிறது என்பது என் எண்ணம். வேட்டைக் கதை அதன்மேல் போர்த்திய துணி.

மதம் புரிய வேண்டுமானால் அது முளைத்த மண்ணைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். பெரும்போர் ஒன்று முடிந்து, கதிர்வீச்சுத் தூசி வானத்தை மூடியிருக்கிறது. முதலில் ஆந்தைகள் செத்து விழுந்தன, பின்னர் மற்றப் பறவைகள், பின்னர் விலங்குகள். மனிதரில் முடிந்தவர்கள் செவ்வாய்க்குக் குடிபெயர்ந்துவிட்டார்கள். மிஞ்சியவர்கள் பாதி காலியான அடுக்குமாடிகளில் வாழ்கிறார்கள். உயிருள்ள ஒரு விலங்கை வளர்ப்பது அங்கே பக்தியின் அடையாளம், அந்தஸ்தின் அடையாளமும்கூட. அதற்கு வசதியில்லாதவர்கள் அக்கம்பக்கத்தாருக்குத் தெரியாமல் மின்சார விலங்கை வளர்க்கிறார்கள். நாவலின் நாயகன் ரிக் டெக்கார்ட் மொட்டை மாடியில் வளர்ப்பது மின்சார ஆடு. அவனுடைய தொழில், செவ்வாயிலிருந்து தப்பி வந்த ஆண்ட்ராய்டுகளைக் கண்டுபிடித்துக் கொல்வது. ஆண்ட்ராய்ட் என்றதும் கைப்பேசியை நினைக்க வேண்டாம். இவர்கள் தசையும் இரத்தமுமாகச் செய்யப்பட்ட செயற்கை மனிதர்கள். பார்வையிலோ பேச்சிலோ வேறுபாடு தெரியாது, அறிவில் பல மனிதரை மிஞ்சுவார்கள். ஒன்று மட்டும் அவர்களால் முடியாது. பெட்டியின் கைப்பிடியைப் பிடித்தால் அவர்களுக்கு எதுவும் நிகழ்வதில்லை.

மெர்சரின் கதை இப்படிப் போகிறது. ரப்பர்ப் படகொன்றில் மிதந்துவந்த குழந்தையை ஒரு தம்பதியர் எடுத்து வளர்க்கிறார்கள். ஆற்றில் விடப்பட்ட கர்ணனைக் கேட்டு வளர்ந்த நமக்கு இந்தத் தொடக்கம் புதிதல்ல. குழந்தைக்கு ஒரு வரம் இருக்கிறது: செத்த விலங்குகளுக்கு, காலத்தைப் பின்னோக்கித் திருப்பி உயிர் கொடுக்க அவனால் முடியும். சட்டம் அதைத் தடைசெய்கிறது. ‘கொலையாளிகள்’ என்று மட்டுமே குறிக்கப்படும் சிலர் அவனைப் பிடித்து, மூளையில் அந்த ஆற்றல் உறையும் சிறு முடிச்சைக் கதிர்வீச்சால் அழித்துவிடுகிறார்கள். அவன் எலும்புகளும் பிணங்களும் நிறைந்த ஒரு பாதாளத்துக்குள் விழுகிறான். அங்குள்ள எலும்புகள் மீண்டும் உயிர்களாகும்வரை அவனும் அங்கேயே கிடக்க வேண்டும். பின்பு ஏறத் தொடங்குகிறான். ஏறும்போது கண்ணுக்குத் தெரியாத எவரோ கல்லெறிகிறார்கள். உச்சியை அடைந்தபின் மீண்டும் பாதாளம், மீண்டும் ஏற்றம். பெட்டியைப் பிடித்தவர்கள் பார்ப்பது இந்த ஏற்றத்தைத்தான். கல் கையில் பட்டால், கைப்பிடியை விட்டு விலகிய பின்னரும் பக்தரின் கையில் உண்மையான காயம் இருக்கும், இரத்தம் வடியும். வயோதிபர் சிலர் உச்சிக்கு அருகில் இறந்துபோனதும் உண்டு.

மனங்கள் ஒன்றாவது என்று சொன்னவுடன், சீனியைத் தேநீரில் போட்டுக் கலக்குவதுபோல ஆள் கரைந்துபோய்விடுவதாகப் பலர் எண்ணிக்கொள்கிறார்கள். மெர்சரிசத்தில் அப்படி நடப்பதில்லை. பெட்டியைப் பற்றியவருக்கு மற்றவர்களின் எண்ணங்கள் சந்தை இரைச்சல்போல உள்ளே கேட்கும். அன்று மகிழ்ந்திருப்பவரின் மகிழ்ச்சியும் நொந்திருப்பவரின் நோவும் வந்து சேரும். ஆனால் அவர் தாம் யாரென்பதை அடியோடு இழந்துவிடுவதில்லை. எல்லாருக்கும் உடல் ஒன்று, மலை ஒன்று, கல்லும் ஒன்று. ஏறுவதற்கான காரணம் மட்டும் அவரவருடையது.

இதற்கு நிகரான ஒன்றை இலங்கை மலையகத்தின் தேயிலைத் தோட்டப்புறத்தில் இழவு வீட்டில் பார்த்திருக்கிறேன். லயம் எனப்படும் தொழிலாளர் வரிசை வீட்டு வாசலில் பந்தல் போட்டு, தப்பு அடித்துக்கொண்டிருப்பார்கள். மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்த பெண்கள் செய்தி கேட்டு, இடுப்பில் கட்டிய படங்குச் சாக்கைக்கூட அவிழ்க்காமல் வந்து சேர்வார்கள். உள்ளே ஏற்கெனவே நாலைந்து பேர் ஒருவர் தோளில் ஒருவர் கைபோட்டு, தலையோடு தலை சேர்த்து வட்டமாக அழுதுகொண்டிருப்பார்கள். வந்தவள் அந்த வட்டத்தில் இரண்டு தோள்களைப் பற்றிக்கொள்வாள். ஒப்பாரியை ஒருத்தி எடுத்துக் கொடுக்க, மற்றவர்கள் அதே இழுவையில் சேர்ந்துகொள்வார்கள். சற்றுக் காதுகொடுத்துக் கேட்டால் விளங்கும், பாட்டு ஒன்றே ஒழிய அழுகை ஒன்றல்ல. ஒருத்தி போன வருடம் போன தாயை அழுகிறாள். இன்னொருத்தி மண்சரிவில் போன வீட்டை அழுகிறாள். மூன்றாமவள் கொழும்புக்கு வேலைக்குப் போய்த் திரும்பாத மகனை, அவன் உயிரோடு இருக்கும்போதே, அழுகிறாள். நடுவில் கிடத்தப்பட்டிருக்கும் பெரியவரை அவர்களில் பாதிப்பேருக்குச் சரியாகத் தெரியாது. அதனால் அந்த அழுகை பொய்யாகிவிடுகிறதா என்றால் இல்லை. அவர் ஒரு சாக்கு, அந்தச் சொல்லின் நல்ல பொருளில். மெர்சரும் அப்படிப்பட்ட ஒரு சாக்குத்தான். இந்த இடம் பிடிபட்டுவிட்டால் மெர்சரிசத்தின் முக்கால் பங்கு விளங்கிவிடும்.

சைவ சித்தாந்தம் படித்தவர்கள் இன்னொரு வழியில் இதை எட்டலாம். முத்தியில் உயிர் இறைவனோடு ஒன்றாகிறதா, இரண்டாகவே நிற்கிறதா என்ற பழைய வழக்குக்கு உமாபதி சிவாசாரியார் திருவருட்பயனில் இலக்கணத்திலிருந்து ஓர் உவமை எடுத்தார். தாள், தலை என்ற இரு சொற்களும் புணர்ந்தால் ‘தாடலை’ ஆகிறது. முன்சொல்லின் ளகரமும் பின்சொல்லின் தகரமும் கூடி, இரண்டுமல்லாத ஒரு டகரம் தோன்றுகிறது. எழுத்தைப் பார்த்தால் ஒன்று. பொருளைப் பார்த்தால் தாளும் இருக்கிறது, தலையும் இருக்கிறது. சித்தாந்தத்தில் இந்தக் கூடல் உயிருக்கும் இறைவனுக்கும் இடையிலானது. டிக் படைத்த மதத்திலோ மனிதருக்கும் மனிதருக்கும் இடையிலானது. இவ்வேறுபாட்டை மறந்து இரண்டையும் ஒரே தட்டில் வைத்துவிடக் கூடாது. ஆனாலும் ஒன்று, இரண்டு என்ற இரு எண்களுக்கு நடுவே ஒரு நிலை உண்டு என்பதைப் பள்ளிப் புணர்ச்சி விதியைக் கொண்டே விளக்கிவிடலாம் என்பதால், முதன்முதலாகப் படிக்க வருகிறவர்களிடம் நான் எப்போதும் இதைத்தான் சொல்வேன்.

முழுக்கக் கரைந்துபோகும் வகையும் அறிவியல் புனைகதையில் இருக்கிறது. 1956 இல் இலங்கைக்கு வந்து, 2008 இல் இறக்கும்வரை இங்கேயே வாழ்ந்த ஆர்தர் சி. கிளார்க், அதற்குச் சில ஆண்டுகள் முன்னர் 1953 இல் எழுதிய ‘சைல்ட்ஹூட்ஸ் எண்ட்’ நாவலில் மனிதக் குழந்தைகள் அனைவரும் ஒரே மனமாகி, பெயரும் முகமும் இழந்து, ஒரு பேரறிவோடு போய்ச் சேருகிறார்கள். பெற்றோர் பின்தங்கி நிற்கிறார்கள். அது பிரமாண்டமான முடிவு. ஆனால் அங்கே யாரும் யாருடைய சுமையையும் தாங்குவதில்லை, ஏனென்றால் தாங்குவதற்கு ஆளே மிச்சமில்லை. இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால், ஒன்றாதல் என்ற ஒரே சொல் எவ்வளவு வேறான இரண்டு காரியங்களுக்குப் பயன்படுகிறது என்பது தெரியவரும்.

மெர்சரின் வழிபாடு ஏன் மலையேற்றமாக இருக்க வேண்டும் என்று சமவெளி வாசகர் கேட்கலாம். எங்கள் மலையகத்து மஸ்கெலியாப் பக்கத்தில் பிறந்தவர்களுக்கு அந்தக் கேள்வியே எழாது. டிசம்பர்ப் பௌர்ணமி தொடங்கி வெசாக் என்னும் வைகாசிப் பௌர்ணமி வரைக்கும், 2,243 மீட்டர் உயரமுள்ள சிவனொளிபாத மலையில் இரவெல்லாம் விளக்குச் சரம் எரியும். அடிவாரத்து நல்லதண்ணியிலிருந்து படிகள் ஐயாயிரத்துக்கு மேல். நான் ஏறிய ஓர் இரவில், பாதிக்கு மேல் படிகள் செங்குத்தாகி, கூட்டம் நெருக்கி, ஒரு படிக்கு ஒரு நிமிடம் என்று நகர்ந்துகொண்டிருந்தது. எனக்கு முன்னே ஒரு சிங்களப் பாட்டி, வெள்ளைச் சேலையில், செருப்பில்லாமல், பனியில் ஈரமான கைப்பிடிக் கம்பியை இரு கைகளாலும் பிடித்துத் தன்னையே மேலே இழுத்துக்கொண்டிருந்தார். அவர் மூச்சை நிறுத்தினால் நானும் நிறுத்த வேண்டியிருந்தது. அவர் அடுத்த படிக்குக் காலைத் தூக்கினால்தான் என் காலுக்கும் இடம் கிடைத்தது. அரை மணி நேரத்துக்குள் என் மூச்சு அவருடைய மூச்சின் கணக்கில் ஓடத் தொடங்கிவிட்டது. இறங்கி வந்தவர்கள் ‘கருணாவாய்’ என்று எங்களை வாழ்த்திக்கொண்டு போனார்கள், பின்னால் வந்த எங்கள் ஆட்கள் ‘அரோகரா’ என்றார்கள். வழியிலுள்ள இந்திகட்டுபான என்ற இடத்தில் ஊசியில் கோத்து விடப்பட்ட வெள்ளை நூல்கள் வழியோரம் இழுபட்டுக் கிடந்தன. எவருடைய நூல் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று பிரித்துச் சொல்ல முடியாது. மேலே பாதத்தைப் புத்தருடையது என்றும், சிவனுடையது என்றும், ஆதத்தினுடையது என்றும் அவரவர் சொல்வார்கள். கம்பி எல்லாருக்கும் ஒன்று.

வேதனையைப் பகிர்ந்தால் குறையும் என்பதோடு நாவல் நின்றிருந்தால் அது ஒரு நல்லுபதேசமாக முடிந்திருக்கும். டிக் இன்னொரு படி கீழே இறங்கிப் பார்க்கிறார். ரிக் ஒருநாள் கடன்பட்டு உண்மையான வெள்ளாடு ஒன்றை வாங்கி வருகிறான். மனைவி ஐரன் மகிழ்ந்துபோய், உடனே பெட்டியைப் பிடித்து இந்த மகிழ்ச்சியை எல்லாருக்கும் கொடுக்க வேண்டும், தனியே வைத்துக்கொள்வது ஒழுங்கீனம் என்கிறாள். ரிக்குக்கு மனமில்லை. நம் மகிழ்ச்சி அவர்களுக்குப் போகும், அவர்களிடம் இருப்பது நமக்கு வரும், முடிவில் நாம்தான் இழப்போம் என்பது அவன் கணக்கு. அதை வெறும் கஞ்சத்தனம் என்று தள்ளிவிட முடியவில்லை. ஊரே கஷ்டத்தில் இருக்கும்போது ஒரு வீட்டில் மட்டும் நல்ல காரியம் நடந்தால், கதவைச் சாத்திக்கொண்டு ஒரு வேளையாவது தனியே சிரித்துவிட வேண்டும் என்று தோன்றாதவர் யார்? மனங்கள் இணைவதற்கு ஒரு விலை உண்டு. அதை அதிகமாகக் கொடுப்பவர் அன்றைக்கு நன்றாக இருப்பவர்.

இன்னொரு சிக்கல் வாசலில் இருக்கிறது. எல்லாரையும் சேர்க்கும் மதம் என்றால், சேராதவர்களை என்ன செய்வது? பரிவு இல்லாதவரே ஆண்ட்ராய்ட் என்பது சட்டம். அதைக் கண்டுபிடிக்க ஒரு சோதனை இருக்கிறது: கன்னத்தில் ஒரு வட்டை ஒட்டி, கண்ணில் ஒளியைப் பாய்ச்சி, பெரும்பாலும் விலங்குகளுக்கு நேரும் கொடுமைகளைப் பற்றிக் கேள்வி கேட்பார்கள், முகமும் கண் தசையும் எவ்வளவு விரைவாகத் துணுக்குறுகின்றன என்று முள் காட்டும். தவறினால் மரணம். கொலையாளிகளை மட்டுமே கொல்லலாம் என்பது மெர்சரின் கட்டளை. ஆனால் கொலையாளி யார் என்று மெர்சர் சொல்லவில்லை, அதனால் அவரவர் தமக்கு வேண்டிய இடத்தில் அந்தப் பெயரை ஒட்டிக்கொள்கிறார்கள். ரிக் அதை ஆண்ட்ராய்டுகள்மேல் ஒட்டிவிட்டுத் துப்பாக்கியை எடுக்கிறான். மறுபக்கம், தூசியால் மூளை பாதிக்கப்பட்டவன் என்று அரசு முத்திரை குத்திய ஜான் இசிடோர் என்ற ஏழைத் தொழிலாளி இருக்கிறான். அவன் செவ்வாய்க்குப் போகவும் அனுமதியில்லை. ஆனால் பெட்டியைப் பிடித்தால் அவனும் மற்றவர்களோடு சமமாக அந்த மலையில் நிற்கிறான். இலங்கையின் 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தால் ஒரே நாளில் நாடற்றவர்களாக்கப்பட்ட மலையகத் தமிழரின் பேரப்பிள்ளைகளுக்கு, காகிதத்தில் ஆளே இல்லை என்று எழுதப்படுவதன் பொருளை நான் விளக்க வேண்டியதில்லை. இசிடோர் ஏன் அந்தப் பெட்டியை விடமாட்டேன் என்கிறான் என்பதும் அவர்களுக்குப் பட்டென்று விளங்கும்.

இன்றைய அறிவியலில் இப்படி ஏதாவது உண்டா என்று கேட்பவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லலாம். 2013 இல் அமெரிக்காவின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில், ஓர் ஆய்வாளர் தம் கையை அசைப்பதாக மனத்தில் எண்ண, அவர் மூளையின் மின்னலைகளைப் படித்து இணையம் வழியே அனுப்பி, வளாகத்தின் இன்னொரு பக்கத்தில் இருந்த சக ஆய்வாளரின் மூளையைக் காந்தத் துடிப்பால் தூண்டி, அவருடைய விரல் விசைப்பலகையைத் தட்டும்படி செய்தார்கள். போனது ஒரு சைகை மட்டுமே. வலியோ துக்கமோ போகவில்லை. பெட்டி இன்னும் கதையில்தான் இருக்கிறது.

நாவலின் பிற்பகுதியில் மெர்சரின் முகத்திரை கிழிகிறது. நாளெல்லாம் தொலைக்காட்சியில் கதைத்துக்கொண்டிருக்கும் பஸ்டர் ஃப்ரெண்ட்லி என்பவன், தான் வெகுநாளாக அறிவித்துவந்த செய்தியை வெளியிடுகிறான். மெர்சர் ஏறும் மலை ஒரு படப்பிடிப்பு அரங்கம். வானம் தீட்டிய திரை; பெருக்கிப் பார்த்தால் தூரிகைக் கோடுகள்கூடத் தெரிகின்றன. மெர்சராக நடித்தவர் அல் ஜாரி என்ற பழைய துணை நடிகர், இப்போது குடிகாரக் கிழவர். இசிடோர் தன் வீட்டில் இந்த ஒளிபரப்பைக் கேட்டுக்கொண்டிருக்கும்போதே, அவனிடம் தஞ்சம் புகுந்த ஆண்ட்ராய்டுகளுள் ஒருத்தி, அவன் ஆசையோடு கண்டெடுத்த சிலந்தியின் கால்களைக் கத்தரிக்கோலால் ஒவ்வொன்றாக வெட்டுகிறாள். எட்டுக் கால் எதற்கு, நாலு போதாதா என்று பார்க்கிறாளாம். கோபமில்லை, வன்மமில்லை, வெறும் ஆர்வம். மெர்சரிசம் பொய் என்று நிரூபிக்கப்படும் அதே நிமிடத்தில், அது எதைக் காத்து நின்றது என்பதும் மேசைமேல் கிடக்கிறது. ஆசிரியர் இவ்விரண்டையும் அருகருகே வைத்துவிட்டு ஒரு சொல்லும் சொல்லாமல் நகர்கிறார். நாவலில் இதைவிட வலுவான இடம் எனக்குத் தெரியவில்லை. இசிடோர் துடிக்கும் சிலந்தியை எடுத்துப்போய்த் தண்ணீரில் அமிழ்த்திவிடுகிறான். பின்பு அவன் முன் மெர்சரே தோன்றுகிறார். அவர்கள் சொன்னதெல்லாம் உண்மை, நான் நடிகன்தான் என்று ஒப்புக்கொள்கிறார்; ஆனாலும் ஒன்றும் மாறவில்லை, ஏனென்றால் நீயும் இங்கே இருக்கிறாய், நானும் இருக்கிறேன் என்கிறார். சொல்லிவிட்டு, வெட்டுப்பட்ட கால்கள் மீண்ட ஒரு சிலந்தியைக் கையில் கொடுக்கிறார்.

அதற்குப் பின் ஆண்ட்ராய்டுகளை எல்லாம் கொன்று முடித்த ரிக், தன்மேலேயே அருவருப்புற்று, ஆளரவமற்ற ஒரு பாழ்நிலத்துக்குப் போய், அங்குள்ள சரிவொன்றில் தனியே ஏறத் தொடங்குகிறான். பெட்டி பக்கத்தில் இல்லை, கைப்பிடி இல்லை. எங்கிருந்தோ ஒரு கல் வந்து அவன்மேல் படுகிறது. தான் மெர்சரோடு ஒன்றாகிவிட்டதாகவும், இனிப் பிரிய முடியவில்லை என்றும் தொலைபேசியில் அலுவலகத்துப் பெண்ணிடம் சொல்கிறான். திரும்பும் வழியில் மண்ணுக்குள் பதுங்கிய ஒரு தேரையைக் கண்டெடுக்கிறான். தேரை மெர்சருக்கு மிக உகந்த உயிர், உலகில் அழிந்துபோனதாக அறிவிக்கப்பட்டது. அட்டைப்பெட்டி ஒன்றில் பத்திரமாக வைத்து வீட்டுக்குக் கொண்டுவருகிறான். ஐரன் அதைப் புரட்டி, வயிற்றில் இருக்கும் சின்னஞ்சிறு மூடியைக் கண்டுபிடித்துத் திறக்கிறாள்; அதுவும் மின்சாரத் தேரை. ரிக் களைத்துப்போய்த் தூங்கிவிட, அவள் விலங்குக் கடைக்குத் தொலைபேசி எடுத்து, தேரைக்குக் கொடுக்கச் செயற்கை ஈக்கள் வேண்டும் என்று கேட்கிறாள். உண்மையாகவே சுற்றிப் பறந்து ரீங்கரிக்கும் ஈக்களாக இருக்க வேண்டும் என்கிறாள். பிறகு தனக்கு ஒரு கோப்பை கோப்பி ஊற்றிக்கொள்கிறாள்.